பெருங்காய டப்பாவில் ஒரு துண்டு மாம்பட்டை

எனக்கு எழுபத்தி நாலு வயசு. அஞ்சு பேரை வளர்த்து ஆளாக்கினேன். நாலு நான் பெத்தது, ஒண்ணு என் நாத்தனார் பெத்துட்டுப் போனது. எது எதுன்னு இன்னிக்கு வரைக்கும் வெளியாளுக்குத் தெரியாது. அஞ்சு பேரும் காலேஜ் பார்த்தவங்க, நான் மூணாங்கிளாஸ். அதனால் இதை எழுதி முடிக்க ஒன்பது நாள் ஆச்சு. அவசரம் ஒண்ணும் இல்லை. யாரும் எனக்குப் பின்னாடி நின்னு ஹாரன் அடிக்கலை.

எங்க பங்குப் பத்திரிகையில் போன மாசம் என் சம்பந்தி ரெஜினா சிங்கப்பூர் போய் வந்த கதையை எழுதியிருந்தாள். பதினோரு நாள் பயணம், மூணு பக்கம். அங்கே ரோட்டில் யாரும் துப்ப மாட்டாங்களாம். குழாய்த் தண்ணியை அப்படியே குடிக்கலாமாம். பஸ்ஸுக்குள்ளே குளிருமாம். எழுத்துக் கூட்டி எழுத்துக் கூட்டி நான் மூணு பக்கத்தையும் படிச்சேன். அத்தனை பெரிய ஊரில் ஒரு மனுஷன் கூட அவளிடம் ஒரு வார்த்தை பேசின மாதிரி தெரியலை. பூசை முடிஞ்சதும் ஃபாதர் அதைப் பாராட்டி வேற பேசினார்.

நானும் பயணம் போனேன். மூணு நாள். ஆவடி, பூந்தமல்லி, வேலப்பன்சாவடி. பாஸ்போர்ட் கேக்கலை. ஆனால் ஒரு இடத்தில் ஆதார் கார்டு கேட்டாங்க, அதைப் பிறகு சொல்றேன்.

போன காரணத்தை முதலில் சொல்லிடணும். அம்பத்தூர் மேனாம்பேட்டில் எங்க வீட்டை இடிச்சு எட்டு வீடாகக் கட்டிட்டாங்க. கீழே முன்பக்கம் ஒண்ணு எனக்கு. பழைய வீட்டில் மிச்சம் இருக்கிறது காம்பவுண்டு ஓரத்து மாமரம் ஒண்ணுதான். அதை விட்டால்தான் கையெழுத்துப் போடுவேன்னு நான் அடம் பிடிச்சதால் அது இருக்குது.

அசோசியேஷன் செக்ரட்டரி பிரபாகர் முதல் மாடி. சேலத்துக்காரர், கம்ப்யூட்டர் கம்பெனி. தங்கமான பையன், செக்ரட்டரியா இல்லாமல் இருந்திருந்தால். தையில் ரெண்டாவது கார் வாங்கினார். அந்தக் காரை நிறுத்த இடம் வேணும், மரம் நிக்கிறது அந்த இடத்தில். இதை யாரும் வாய்விட்டுச் சொல்லலை. அவர் சொன்னது வேற.

புதன்கிழமை காலையில் மரத்தடியில் நின்னு போட்டோ எடுத்துட்டிருந்தார்.

"ஆன்ட்டி, இங்க பாருங்க. பட்டை பூரா வெள்ளை வெள்ளையா புடிச்சிருக்குது. ஃபங்கஸுங்க. மரம் உள்ளுக்குள்ள செத்துட்டு இருக்குது."

"செத்த மரமா போன வருஷம் உன் வீட்டுக்கு மூணு பை மாங்கா கொடுத்துச்சு?"

"குழந்தைங்க தொடுறாங்க இல்லீங்களா? ஒவ்வாமை வரும். ஞாயித்துக்கிழமை மீட்டிங்ல முடிவு பண்ணிடலாமுங்க. திங்கக்கிழமைக்கு ஆள் சொல்லி வச்சிருக்கேன்."

முடிவு ஞாயிறு. ஆள் சொன்னது புதன். இவர் கணக்குப் படிச்சவராம்.

அந்த வெள்ளைத் திட்டு என்னன்னு எனக்குத் தெரியும்னு அன்னிக்கு நினைச்சேன். வாய் வரைக்கும் வந்தது. முழுங்கிட்டேன். ஏன் முழுங்கினேன்னு இங்கே எழுதியாகணும், இல்லாட்டி இந்தப் பயணமே யாருக்கும் புரியாது.

கிறிஸ்துமஸுக்கு நான் செய்யிற மட்டன் பிரியாணி எங்க பக்கம் பேர் போனது. முன்னே தெருவுக்கே கொடுத்தேன், இப்போ எட்டு வீட்டுக்கு. அதில் ஒரு வாசனை வரும், மத்தவங்க பிரியாணியில் வராது. என்ன போடறேன்னு ரெஜினா இருபது வருஷமாக் கேக்கறாள், நான் சொன்னதில்லை. பண்டிகைக்கு ஒரு மாசம் முன்னே திருவருகைக் காலம் தொடங்கினதும் யாரும் பார்க்காத நேரமாப் பார்த்து அந்த மாமரத்துப் பட்டையிலேர்ந்து சாம்பல் நிறத்தில் இருக்கிறதை ஒரு கைப்பிடி சுரண்டுவேன். காலிப் பெருங்காய டப்பாவில் போட்டு மூடி வைப்பேன். பண்டிகைக்கு முந்தின நாள் மசாலாவோட சேர்த்து அரைப்பேன். பிரியாணிக்குப் போடற கல்பாசின்னா மரத்தில் சாம்பலாப் படர்றதுன்னு என் மாமியார் சொல்லியிருந்தாள். எங்க மரத்தில் சாம்பலாப் படர்ந்திருந்தது. அதுக்கு மேல் நான் யாரையும் கேக்கலை. முப்பது வருஷம்.

அதனால் என் திட்டம் இது. இது வியாதி இல்லை, கடையில் விக்கிற கல்பாசின்னு தெரிஞ்சவங்க யாராவது சொல்லணும். நான் சொன்னதா இருக்கக் கூடாது. மரம் தப்பிக்கும், என் ரகசியமும் தப்பிக்கும். கத்தியால் ஒரு துண்டுப் பட்டையைச் செதுக்கி, அதே டப்பாவில் போட்டு, பையில் வச்சேன்.

வியாழக்கிழமை ஆவடி.

பெண்களுக்கு டிக்கெட் இல்லாத பஸ். அதனாலோ என்னவோ, ஸ்டாப்பில் நாங்க அஞ்சு பொம்பளைங்க நிக்கிறதைப் பார்த்ததும் பஸ்ஸுக்கு ஒரு வேகம் வந்தது பாருங்க, நூறு அடி தள்ளிப் போய்த்தான் மூச்சு வாங்கி நின்னது. மத்த நாலு பேரும் ஓடினாங்க. மூணு பேர் ஏறினாங்க. நான் ஓடலை. பஸ்ஸுக்காக ஓடுறது என் கௌரவத்துக்குச் சரியில்லை. ஷேர் ஆட்டோவில் போனேன்.

"குந்து ஆயா, இன்னும் ஒரு டிக்கெட் வந்தா எட்த்துர்லாம்."

"ஏற்கெனவே ஏழு பேர் இருக்கோம். எங்கப்பா குந்துறது?"

"நீ கொஞ்சம் அட்ஜஸ் பண்ணிக்கினா ரெண்டு பேர் குந்தலாம். எம்மாம் எடம் கீது!"

என் பக்கத்தில் ரெண்டு தெலுங்குக்காரப் பொண்ணுங்க. எனக்குத் தெலுங்கு வரும்னு அவங்களுக்குத் தெரியாது. ஒருத்தி சொன்னாள், "மாமியார் ஊருக்குப் போயிருக்கா. மூணு நாளா வீடு வீடாயிருக்கு." இன்னொருத்தி பெருமூச்சு விட்டாள். "உன்னுது போகவாவது செய்யுது." எனக்கு மூணு மருமகளுங்க. நான் வெளியே பார்த்துட்டு வந்தேன். ரெஜினா சிங்கப்பூரில் உயரம் உயரமாக் கட்டடம் பார்த்தாள். நான் அன்னிக்கு முதல் தடவையா மரப்பட்டை பார்த்தேன். ஒவ்வொரு மரத்திலும் ஆணி, அறுந்த கேபிள் வயர், வீடு வாடகைக்குன்னு தகரம், டியூஷன் விளம்பரம். இதுக்கு எல்லாம் எந்த செக்ரட்டரியும் வியாதின்னு சொல்லலை.

ஆவடி மார்க்கெட்டில் நான் வழக்கமா மசாலா சாமான் வாங்கற பாய் கடை ஒண்ணு உண்டு. டப்பாவை நீட்டினேன். மூடியைத் திறந்து மோந்து பார்த்தார்.

"பெருங்காயமா? எவ்ளோம்மா வேணும்?"

"உள்ளே இருக்கிறதைப் பாருங்க பாய்."

விரலால் தள்ளிப் பார்த்தார். "மாம்பட்டை."

"மேல இருக்கிறது கல்பாசிதானே?"

பாய் சிரிக்கலை. நல்ல மனுஷன். மூட்டையிலேர்ந்து ஒரு கை அள்ளி என் முன்னாடி பேப்பரில் கொட்டினார். "இதும்மா கல்பாசி. மலையில மரத்துலேர்ந்து உரிக்கிறது. பாருங்க, எவ்ளோ அகலம், ஆட்டுக்குட்டி காது மாதிரி. மேல சாம்பல், கீழ அட்டக் கறுப்பு. ஓரம் தூக்கிக்கினு சுருண்டிருக்கும். ஓரத்துல மாவு பூசின மாதிரி இருக்கு பாருங்க. இன்னும் கிட்ட பாருங்க, கண்ணு முடி மாதிரி கறுப்பா அங்க ஒண்ணு இங்க ஒண்ணு."

எல்லாம் இருந்தது. உள்ளங்கையில் வச்சுக் கசக்கிக் கொடுத்தார். முதல் மழை பெய்ஞ்சதும் பழைய மரக்கதவுலேர்ந்து வருமே, அப்படி ஒரு வாசனை. என் துண்டில் இருந்தது பட்டையோட ஒட்டிக்கிட்டு, நகத்தால் கூட எழும்பாமல், ஈரக் காகிதம் காய்ஞ்ச மாதிரி கிடந்தது.

"உங்களுதுல வாசனையே இல்லம்மா. வர்றது டப்பா வாசனை. இன்னா சமாச்சாரம்? யார்னா இதைக் கல்பாசின்னு வித்தாங்களா?"

"இல்லை பாய். எங்க சம்பந்தி ஒருத்தி, ரெஜினான்னு பேரு. இதைச் சுரண்டிப் பிரியாணியில போடறா."

பாய் தலையில் கை வச்சுக்கிட்டார். "எத்தினி நாளா?"

"அவ முப்பது வருஷமாப் போடறா."

"பாவம், அந்த வீட்டு ஆளுங்க." அப்புறம் அவசரமா, "டப்பாவை மூடுங்கம்மா. என் பட்டை லவங்கத்துல எல்லாம் பெருங்காயம் ஏறிடும். அது தொட்டதை விடாது."

மூடினேன். பக்கத்து ஓட்டலில் சாப்பாடு. சாம்பாரில் வெல்லம் போட்டிருந்தான். கேட்டால், இங்கே வெளியூர்க்காரங்க நிறைய இருக்காங்க, அவங்களுக்குப் பிடிக்கும்னான். வெளியூர்க்காரங்க நான் உட்கார்ந்த மேஜைக்கு எதிரே சாம்பாரை ஒதுக்கி வச்சுட்டு ரசம் கேட்டுட்டிருந்தாங்க. எனக்கு ரசமும் இறங்கலை. முப்பது வருஷமா நான் ஊருக்கே மரத்தோலைச் சுரண்டிப் போட்டிருக்கேன். இதை யாரிடம் சொல்றது? யாரிடமும் சொல்லறதில்லைன்னு பஸ் ஸ்டாண்டிலேயே தீர்மானம் பண்ணிட்டேன். ஆனால் மரம் பாக்கி இருக்குதே.

வெள்ளிக்கிழமை பூந்தமல்லி.

மெட்ரோ தூண்கள் வரிசையா நிக்குது. கீழே பள்ளம், தகரம், தூசி. தகரத்தில் அழகான ரயில் படம் வரைஞ்சு வச்சிருக்காங்க. அந்தப் படத்துக்குப் பக்கத்தில் எங்க பஸ் ஒரு மணி நேரம் நின்னது. ரெஜினா போன ரயில் நிமிஷம் தவறாமல் வருமாம். எங்களுடையதும் படத்தில் தவறாமல் நிக்குது. எனக்குப் பின்னால் ஒருத்தர் போனில், "ஆபீசுக்குத்தான் சார், ஆன் தி வே"ன்னு நாலு தடவை சொன்னார். அஞ்சாவது தடவை லீவு சொல்லிட்டார். வெள்ளிக்கிழமை நான் கறி தொடமாட்டேன். பையில் எலுமிச்சை சாதம் இருந்தது. பஸ்ஸிலேயே தின்னு முடிச்சேன். பூந்தமல்லி அதுக்கப்புறம் வந்தது.

நர்சரி ஒண்ணில் போய் டப்பாவைத் திறந்தேன். கடைக்காரர் லுங்கியை மடிச்சுக் கட்டிக்கிட்டு வந்து பார்த்தார். ரெண்டு நொடி கூட ஆகலை.

"இன்னாம்மா இது, பேஜாரான வியாதி! மரம் மொத்தமும் பூடும். மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்து பூசு. மருந்து ஒண்ணு கீது, அதையும் அடி. மூணு பாட்டில் பத்தும்."

"மூணு போதுமா?"

"நாலா எட்த்துக்கோ. உன் மனசுக்கு."

கடை வாசலில் பெரிய தூங்குமூஞ்சி மரம். அதோட அடிமரம் பூரா அதே சாம்பல் திட்டு. வட்ட வட்டமா, எங்க வீட்டு மரத்தை விட ஜோரா.

"இதுக்கு ஏம்பா மருந்து அடிக்கலை?"

மரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "அது வேற."

"என்ன வேற?"

"அது ரொம்ப நாளா கீது. பழகிருச்சு."

அங்கே ரோஜாத் தொட்டி பார்த்துட்டிருந்த ஒரு அம்மா சிரிச்சுட்டாள். கண்ணாடி போட்டவள், நாற்பது வயசு இருக்கும். கிட்ட வந்து டப்பாவை வாங்கினாள். முகத்தைச் சுளிச்சாள், பெருங்காயம். அப்புறம் பட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"அம்மா, இது வியாதி இல்ல. லைக்கன். நான் வேலப்பன்சாவடி பக்கம் ஒரு காலேஜ்ல பாட்டனி எடுக்கறேன். நாளைக்கு வாங்க, மைக்ராஸ்கோப்ல பார்த்து எது என்னன்னு எழுதியே தர்றேன். பேர் வசந்தின்னு கேளுங்க."

கடைக்காரர் என் கையில் திணிச்ச பாட்டிலைத் திரும்ப வாங்கி அடுக்கினார். "டீச்சரம்மா வந்தாலே யாவாரம் படுத்துரும்"னு முணுமுணுத்தது எனக்கும் கேட்டது, அவளுக்கும் கேட்டது.

சனிக்கிழமை வேலப்பன்சாவடி.

ஹைவேஸில் இறங்கிட்டேன். காலேஜ் எதிர்ப்பக்கம். அங்கே ரோட்டைக் கடக்கறதுக்குப் பதில் சிங்கப்பூரே போயிடலாம். ஒரு போலீஸ்காரர் கையைக் காட்டி நிறுத்தினார், நான் நடந்தேன். நடுவில் செருப்பு கழண்டது. குனிஞ்சு மாட்டினேன். லாரிகள் எல்லாம் காத்திருந்தன. எனக்கு அவசரம் இல்லைன்னு முன்னாடியே சொல்லியிருக்கேன்.

கேட்டில் வாட்ச்மேன் நோட்டை நீட்டினார். "யாரப் பாக்கணும்? பேத்தி அட்மிசனா?"

"இல்லப்பா. மரத்துக்கு."

"மரத்துக்கா? ஆதார் கார்டு இருக்குதா?"

"மரத்துக்கா, எனக்கா?"

மனுஷன் யோசிச்சார். கடைசியில் என்னுடையதே போதும்னார். நோட்டில் 'பார்க்க வந்த காரணம்'னு ஒரு கட்டம். 'மரப்பட்டை'ன்னு நானே எழுதினேன். ஒவ்வொரு எழுத்தா அழுத்தி எழுதினதில் கட்டத்துக்கு வெளியே போயிடுச்சு. எனக்குப் பின்னால் மூணு கார் நின்னது.

வசந்தி மிஸ் கேன்டீனில் முதலில் டீயும் பப்ஸும் வாங்கிக் கொடுத்தாள். பப்ஸைக் கடிச்சால் பாதி வாய்க்குப் போகுது, பாதி புடவைக்குப் போகுது. உள்ளே ஒரு உருளைக்கிழங்கு தனியா உட்கார்ந்திருக்குது. இதுக்கு ரெண்டு மைல் நீளத்துக்கு க்யூ.

அப்புறம் லேபில் லென்சை என் கையிலேயே கொடுத்தாள். நான் பார்த்தேன். அம்மாடி! அது திட்டே இல்லை. நடுவிலேர்ந்து நாலு பக்கமும் விரல் விரலாப் பிரிஞ்சு, ஒவ்வொரு விரலும் நெல்லுத் தடிமன் கூட இல்லாமல், பட்டையை அப்பிப் பிடிச்சிருக்குது.

"விரல் நுனியில லேசா பனி படிஞ்ச மாதிரி தெரியுதா? ஓரத்துல வெள்ளையா மாவு மாதிரி கோடு கோடா இருக்கா? அந்த மாவு பறந்து போய்தான் அடுத்த மரத்துல ஒட்டும்." பிளேடால் லேசா ஒரு கீறல். உள்ளே வைக்கோல் மஞ்சள். ஒரு விரலைக் கஷ்டப்பட்டுப் பேத்துக் கவுத்துப் போட்டாள். அடியில் கறுப்பு. கறுப்பா வேர் மாதிரி நூல்.

"வேர் இருக்குதே, மரத்தைத் தின்னுதா?"

"இல்லம்மா, அது பிடிச்சுக்க மட்டும்தான். பஸ்ல கம்பியைப் பிடிக்கறோமே, அந்த மாதிரி. மரத்துலேர்ந்து எதையும் எடுக்காது. இது ஒரு ஆள் இல்ல, ரெண்டு பேர். பூஞ்சை வீடு கட்டுது, உள்ள பாசி குடியிருந்து வெயில்ல சமைச்சுப் போடுது."

"வீடு என்னுதுன்னு பூஞ்சை சொல்லிக்கும்."

"ஆமா, பேரும் பூஞ்சைக்குத்தான்."

"அப்போ எங்க வீட்டுக்காரர் மாதிரி"ன்னேன். மிஸ் ரொம்ப நேரம் சிரிச்சாள். பாவம், அவள் வீட்டிலும் பூஞ்சை இருக்கும் போல.

பேர் பிக்சின் கோகோஸாம். தமிழில் பேர் கேட்டேன். இதுக்குன்னு தனிப்பேர் இருக்கிறதாத் தனக்குத் தெரியலைன்னாள். எங்க வீட்டு வாசலில் இத்தனை வருஷமாக் குடியிருக்குது, கூப்பிட ஒரு பேர் இல்லை. புகை இருக்கிற ஊரில் இதோட சொந்தக்காரங்க நிறையப் பேர் செத்துப் போவாங்களாம், இது தாங்குமாம். கம்பெனிப் புகை, லாரிப் புகை எல்லாத்தையும் தாங்கி நிக்குதுன்னா அசல் அம்பத்தூர்க்காரிதான்.

கடைசியா ஜன்னலைச் சாத்தி ஊதா லைட் ஒண்ணை அடிச்சாள். சாம்பலா இருந்தது மஞ்சளாப் பளபளன்னு எரிஞ்சது. நான் சிலுவை போட்டுக்கிட்டேன்.

"அடையாளம் கண்டுபிடிக்க இது ஒரு வழி. கல்பாசி இப்படி மஞ்சளா எரியாது. கடையில கள்ள நோட்டு பார்க்கற லைட் இருக்கும் பாருங்க, அதுலயும் தெரியும்."

கிளம்பறப்போ மெதுவாக் கேட்டேன். "மிஸ், எங்க சம்பந்தி ரெஜினான்னு ஒருத்தி, இதைக் கொஞ்சம் சாப்பாட்டுல போட்டுட்டா. ஏதாவது ஆகுமா?"

"எவ்வளவு போட்டாங்க?"

"வருஷத்துக்கு ஒரு கைப்பிடி. முப்பது வருஷம்."

மிஸ் என்னையே பார்த்தாள். "ரெஜினாம்மா இப்ப நல்லா இருக்காங்களா?"

"பப்ஸ் சாப்பிட்டுட்டு உட்கார்ந்திருக்கா."

"இது சாப்பிடற வகைன்னு யாரும் சோதிச்சுச் சொல்லலை. இனிமே வேண்டாம்னு ரெஜினாம்மாகிட்ட கண்டிப்பா சொல்லுங்க"ன்னு சொல்லி, இது வியாதி இல்லைன்னு ஒரு தாளில் எழுதிக் கொடுத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை, ஊர் திரும்பியாச்சு.

சாயங்காலம் ஆறரைக்கு மரத்தடியில் நாற்காலி போட்டாங்க. நான் மிஸ் கொடுத்த தாளை எடுத்து நானே படிச்சேன். எழுத்துக் கூட்டிப் படிக்க நேரமாச்சு. 'மரத்துக்குக் கெடுதல் இல்லை'ன்னு வர்ற இடத்துக்கு நான் வந்து சேர்றதுக்குள்ளே ரெண்டு பேர் செல்போனில் எங்கேயோ போயிட்டாங்க.

"டீச்சர் யாருங்க ஆன்ட்டி? நமக்குத் தெரியாதவங்க. நெட்ல வேற மாதிரி போட்டிருக்குது"ன்னார் பிரபாகர்.

அதுக்கும் தயாராத்தான் இருந்தேன். தெருமுனை மெடிக்கலில் கள்ள நோட்டு லைட்டைக் கேட்டு வாங்கி வச்சிருந்தேன். இரண்டாம் மாடி தேவராஜ் சார், கம்பெனியில் ரிட்டையர் ஆனவர், அவர் கையில் கொடுத்தேன். வாசல் விளக்கை அணைச்சாங்க. அவர் பட்டையில் அடிச்சார். அடியிலேர்ந்து ஆள் உயரம் வரைக்கும் மரம் மஞ்சள் மஞ்சளா, மஞ்சத் தண்ணி தெளிச்ச மாதிரி எரிஞ்சது. அப்படி ஒரு அழகு. கை தட்டுவாங்கன்னு நினைச்சேன்.

எல்லாரும் நாற்காலியைப் பின்னால் இழுத்தாங்க. பிரபாகர் பெண்டாட்டி கவிதா பிள்ளையை வாரி இடுப்பில் வச்சுக்கிட்டாள்.

"ரேடியேஷன்ங்க!" பிரபாகர் எழுந்து நின்னுட்டார். "நான் அப்பவே சொன்னேன்."

"செல்போன் டவரால இருக்கும்"னு ஒரு குரல்.

"திங்கக்கிழமை வரைக்கும் எதுக்கு? இன்னிக்கே வரச் சொல்லலாமே"ன்னு இன்னொரு குரல்.

நல்லது செய்யக் கொண்டு வந்த லைட் மரத்துக்கு உலை வச்சுடுச்சு. நான் உட்கார்ந்திருந்தேன். தாள் தோத்துப் போச்சு, லைட் தோத்துப் போச்சு. என்கிட்ட இன்னும் ஒண்ணுதான் பாக்கி இருந்தது. அதைச் சொன்னால் மரம் நிக்கலாம். ஆனால் முப்பது கிறிஸ்துமஸ் பேர் நிக்காது. பேரில்லாமல் நான் யாரு? முன்வீட்டுக் கிழவி. பிரபாகர் போனைக் காதில் வச்சுட்டார், மரம் வெட்டற ஆளுக்கு.

"பிரபாகர், அதை வை. போன கிறிஸ்துமஸுக்கு எத்தனை தட்டுப் பிரியாணி சாப்பிட்டே?"

"அது எதுக்குங்க ஆன்ட்டி இப்ப?"

கவிதாதான் பதில் சொன்னாள். "மூணு. அப்புறம் டப்பால போட்டு சேலத்துக்கு அவங்க அம்மாவுக்கு வேற எடுத்துட்டுப் போனாரு."

"அம்மா நல்லா இருக்காங்களா?"

"நல்லா இருக்காங்க. வருஷா வருஷம் கேக்கறாங்களே."

"அதுல போட்டது இதுதான்." மரத்தைக் காட்டினேன். "இந்தப் பட்டையிலேர்ந்து ஒரு கைப்பிடி. முப்பது வருஷமாப் போடறேன். கல்பாசின்னு நினைச்சேன். கல்பாசி இல்லை, இதுல வாசனையே இல்லையாம். தப்பு என்னுது, இனிமே போடமாட்டேன். ஆனா இது விஷம்னா முதல்ல நான் போயிருக்கணும். அடுத்து என் அஞ்சு பிள்ளைங்க. அப்புறம் நீங்க மத்த ஏழு வீடும் வரிசையா."

பிரபாகர் கை தானாகவே வயிற்றுக்குப் போச்சு.

"எனக்குப் போன வருஷம் முடி கொட்டினது..."

"அது நம்ம கல்யாணத்துக்கு முன்னாடியே கொட்டிடுச்சுங்க"ன்னாள் கவிதா.

தேவராஜ் சார் சிரிக்க ஆரம்பிச்சார். லைட் அவர் கையில் ஆட, மஞ்சள் வெளிச்சம் மரம் பூரா ஆடிச்சு. "அப்ப விஷம் இல்லைன்னு நாமளே சாப்பிட்டுப் பார்த்துட்டோம்யா. இதுக்கு மேல எந்த லேப்ல டெஸ்ட் பண்ணணும்?"

கை தூக்கச் சொன்னாங்க. மரம் இருக்கட்டும்னு ஆறு வீடு தூக்கினது. பிரபாகர் வீட்டுக் கையும் எழுந்தது, ஆனால் அது கவிதா கை. இப்போ ரெண்டாவது கார் தெருவில், எங்க மாமரத்து நிழலில் நிக்குது. கிளையில் காக்காக் கூடு இருக்குது. காலையில் பிரபாகர் துணியும் தண்ணியுமாக் காரைத் துடைக்கறப்போ நான் ஜன்னலில்தான் இருப்பேன்.

எல்லாரும் கலைஞ்சப்புறம் கவிதா மட்டும் நின்னாள்.

"ஆன்ட்டி, இதுக்குத்தான் வாசனையே இல்லைன்னு அந்த டீச்சர் சொன்னதா சொன்னீங்களே. அப்ப அந்தப் பிரியாணி வாசனை எதுங்க?"

வாசனை இல்லைன்னு சொன்னது பாய். உள்ளே போய்ப் பையிலிருந்து டப்பாவை எடுத்தேன். மூடியைத் திறந்தேன். நாலே நாள் உள்ளே கிடந்த பட்டை குப்புனு அடிச்சது. அது தொட்டதை விடாதுன்னு பாய் சொன்னது அப்போதான் காதில் விழுந்தது. வருஷா வருஷம் ஒரு மாசம் நான் ஊற வச்சது எதில்? இத்தனை வருஷமா ஊரே தலையில் தூக்கி வச்சு ஆடின என் ரகசியம் பெருங்காயம். பிரியாணியில் பெருங்காயம்! பாய் காதுக்குப் போனால் அந்தக் கடைப்பக்கம் நான் தலைகாட்ட முடியாது. கவிதாகிட்ட, "அதெல்லாம் சொல்லித் தர்றதில்லை"ன்னு சொல்லி அனுப்பினேன்.

என் பயணம் இவ்வளவுதான். ஆவடியிலும் வேலப்பன்சாவடியிலும் ரெஜினா பேரைச் சொன்னது பாவம். போன சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்தில் சொல்லிட்டேன். ஃபாதர் சிரிப்பை அடக்கினது திரைக்கு அந்தப் பக்கம் கேட்டது. ரெஜினாகிட்டேயே சொல்லணும்னு சொல்லி அனுப்பினார். அதனால்தான் பத்திரிகைக்கு எழுதறேன், ஒரே செலவில் ரெண்டு வேலை.

ஜெனி, அந்தப் போனைக் கீழே வச்சுட்டு இங்கே வா. பாட்டி எழுதினதை முதல்லேர்ந்து படி, எங்கேயாவது எழுத்து விட்டிருந்தால் போடு. பெருங்காயம் வர்ற இடம் வந்தால் குரலைக் கொஞ்சம் தாழ்த்திக்கோ, உங்க அம்மாவைப் பெத்தவ ஹாலில் டிவி பார்த்துட்டிருக்கா.

இல்லை, இரு. டிவியை நிறுத்தச் சொல்லு. சத்தமாவே படி.